பின்னணிக் குரலும் ஓர் 'ஆர்' விகுதியும்

அறிவு வளர்ச்சி குன்றியோரைப் பற்றிய விவரணப் படங்களைக் காணும் தமிழாசிரியர்கள், பின்னணிக் குரலின் வினைமுற்றுகளையும் செவியில் வாங்குதல் வேண்டும். முப்பது வயது மருத்துவர் 'வருகிறார்'. அவரிடம் வரும் ஐம்பது வயதுடையவரோ 'வருகிறான்'. ஒருவரைப் பன்மையாற் கூறும் உயர்சொல் வழக்கைத் தொல்காப்பியர் சொல்லதிகாரத்தில் ஏற்றுள்ளார். அவ்வழக்கிலிருந்து யாரை விலக்குகிறோம் என்பது படமெடுத்தவரின் உள்ளத்தைக் காட்டிவிடும். நம் கதைப்படங்களுள் '16 வயதினிலே' (1977) இதனைத் தொட்டது. ஊரார் சப்பாணி என்றழைத்தவருக்குக் கோபாலகிருஷ்ணன் என்னும் பெயர் உண்டு; சப்பாணி என்போரை அறையும்படி மயில் அவருக்குச் சொல்லிக் கொடுக்கிறாள்.

ஆங்கிலத்தில் இவ்விகுதி வேறுபாடு இல்லை. ஆங்கே இழிவு வேறு வழியாக நுழையும். 1979-இல் ஐரா வோல் எடுத்த விவரணப் படத்தின் பெயர் 'பெஸ்ட் பாய்', அதாவது மிக நல்ல பையன். அந்தப் 'பையன்' பிலிப்புக்கு வயது 52. இயக்குநரின் உறவுமுறைச் சகோதரரான அவர், நியூயார்க்கில் முதிய பெற்றோருடன் வாழ்ந்தவர். அவர்களுக்குப் பின் இவர் கதி என்ன என்பதே படத்தின் கரு. படப்பிடிப்புக் காலத்திலேயே தந்தை மறைகிறார். தாய் மனத்தைத் தேற்றிக்கொண்டு மகனை விடுதி வாழ்வுக்கு அனுப்புகிறார். தலைப்பு எப்படியாயினும், படம் பிலிப்பை அவசரப்படுத்தவில்லை. அவர் பேசி முடிக்கும்வரை காத்திருக்கிறது. சிறந்த விவரணப் படத்துக்குரிய ஆஸ்கார் பரிசு 1980-இல் அதற்குக் கிடைத்தது. 1997-இல் வந்த தொடர்ச்சிக்குப் பெயர் 'பெஸ்ட் மேன்'. பையன் ஒருவாறு ஆளாகிவிட்டார்!

இதனினும் சிக்கலானது வில்லோபுரூக் படம். அதே நியூயார்க்கிலிருந்த வில்லோபுரூக் காப்பகத்தில் அறிவு வளர்ச்சி குன்றிய சிறுவர்கள் உடையின்றித் தரையிற் கிடந்ததை, ஜெரால்டோ ரிவேரா 1972-இல் தொலைக்காட்சியிற் காட்டினார். மக்கள் கொதித்தனர். வழக்கு எழுந்து, 1975-இல் இணக்கத் தீர்ப்பு வந்தது. 1987-இல் காப்பகமே மூடப்பட்டது. இப்பயனை மறுப்பார் இலர். ஆயினும் அச்சிறுவர்களுள் எவரிடம் இசைவு கேட்டார்கள்? காப்பகம் மறைந்தும் அக்கோலத்தில் அவர்கள் இன்றும் காட்சிக்குரியவராய் இருக்கின்றனர். அப்படத்திலேயே பெர்னார்ட் கராபெல்லோ என்னும் இளைஞர் தாமே பேசினார். மூளை வாதத்தால் பேச்சுத் தடுமாறிய அவரை, அறிவு குன்றியவரெனத் தவறாகக் கணித்து 18 ஆண்டுகள் அங்கே வைத்திருந்தனர். வெற்றுடல்களின் காட்சியினும் அவர் சொற்களே வலிமையுடையன என்பது என் துணிபு.

மாற்றுத்திறனாளிகள் பற்றிய ஐ.நா. உடன்படிக்கையை மலேசியா 2010-இல் உறுதி செய்தது. அவர்களை மதிப்புடன் சித்திரிக்க ஊடகங்களை ஊக்குவிக்குமாறு அதன் எட்டாம் பிரிவு கூறுகிறது. கைப்பேசி வந்தபின் ஆசிரியரும் படமெடுப்பவரே. சிறப்புக் கல்வி வகுப்புப் பிள்ளைகளை நன்கொடைக்காகவோ விழாவுக்காகவோ படம்பிடிக்கும்போது பெற்றோரின் கையொப்பம் மட்டும் போதாது. எடுத்ததை அப்பிள்ளைக்கே முதலில் போட்டுக் காட்டலாம். தன்னைக் கண்டு சிரித்தால் நன்று. முகத்தைத் திருப்பிக்கொண்டால், நாம் எவ்வளவு பாடுபட்டு எடுத்திருப்பினும், அதனை அழித்துவிட வேண்டியதே.