நான்கு நாள் டோக்கியோ: படம் வரைகிறவர்கள் பக்கம் தங்குங்கள்

மாதந்தோறும் 10-ஆம் தேதி, ஜப்பான் நேரம் காலை பத்து மணி. நம் ஊரில் அப்போது ஆறரை. மிட்டாகாவில் இருக்கும், கிப்லி அனிமேஷன் ஸ்டுடியோவின் அருங்காட்சியகத்தின் அடுத்த மாத டிக்கெட்டுகள் இணையத்தில் அந்த நேரத்தில்தான் விற்பனைக்கு வரும். வாசலில் போய் நின்றால் டிக்கெட் கிடைக்காது. அங்கே கவுன்ட்டரே இல்லை. நாளும் நுழையும் நேரமும் முன்கூட்டியே குறிக்கப்பட்டுவிடும். விமான டிக்கெட் எடுக்கிற அன்றே இந்த 10-ஆம் தேதியைக் காலண்டரில் வட்டமிட்டு வையுங்கள். மற்றதையெல்லாம் இதைச் சுற்றி அமைத்துக்கொள்ளலாம்.

அனிமே, மாங்கா என்று டோக்கியோவுக்குக் கிளம்புகிறவர்களின் திட்டங்கள் பெரும்பாலும் ஒன்றுபோலவே இருக்கின்றன. அகிஹபாரா, ஷிபுயா, இகெபுகுரோ, ஒடைபாவில் நிற்கும் 19.7 மீட்டர் உயர யூனிகார்ன் குண்டம் ரோபோ. ரோபோவைப் பார்க்கும் அரை மணி நேரம் போக, மிச்சமெல்லாம் கடைதான். நான்கே நாள் கையில் இருக்கும்போது இப்படிச் செலவழிப்பது எனக்கு மனம் ஒப்பவில்லை. ஷிஞ்சுகுவிலிருந்து மேற்கே போகும் சூஓ ரயில் பாதையில் தங்குங்கள். நகானோ, ஓகிகுபோ, கிச்சிஜோஜி, எந்த ஸ்டேஷன் பக்கம் அறை கிடைத்தாலும் சரி. ஜப்பானின் அனிமேஷன் ஸ்டுடியோக்களில் பெரும்பகுதி டோக்கியோவில்தான் இருக்கிறது. அதிலும் சுகினாமி, நெரிமா என்ற இரண்டு மேற்கு வட்டாரங்களில் மிக நெருக்கமாக இருக்கின்றன. வெளியிலிருந்து பார்த்தால் அவை சாதாரண அலுவலகக் கட்டடங்கள். உள்ளே விடமாட்டார்கள், கதவைத் தட்டவும் வேண்டாம். ஆனால் நீங்கள் பார்த்து வளர்ந்த படங்கள் இந்தத் தெருக்களில் இருக்கும் மேஜைகளில்தான் உருவாகின.

முதல் நாள் மிட்டாகா ஸ்டேஷனில் இறங்கி, கால்வாய் ஓரமாகக் கால் மணி நேரம் நடந்தால் கிப்லி வந்துவிடும். உள்ளே புகைப்படம் எடுக்க அனுமதி இல்லை. அதுவே பெரிய நிம்மதி. கூட்டம் மாடியில் இருக்கும் பூனைப் பேருந்துக்கு ஓடும். நீங்கள் கீழ்த்தளத்துச் சுழல்மேடை முன்னால் கொஞ்சம் நில்லுங்கள். வட்ட மேடையில் கிப்லி பட நாயகன் டொட்டொரோவின் பொம்மைகள் அடுக்கடுக்காக நிற்கின்றன. ஒவ்வொன்றும் பக்கத்தில் இருப்பதிலிருந்து இம்மியளவே மாறுபட்டது. ஒன்றில் முழங்கால் மடங்கியிருக்கும், அடுத்ததில் இன்னும் சற்று மடங்கியிருக்கும். மேடை சுழலத் தொடங்கியதும் எல்லாம் கலங்கிக் குழம்பிப்போகும். விளக்கு வெட்டி வெட்டி எரிய ஆரம்பித்த நொடியில் டொட்டொரோ துள்ளிக் குதிக்கும். ஒரு குதிப்புக்கு எத்தனை நிலைகள் வேண்டியிருக்கின்றன என்பது அங்கே கண்ணெதிரே தெரிகிறது. அந்த நடு நிலைகள் ஒவ்வொன்றையும் யாரோ ஒருவர் உட்கார்ந்து வரைய வேண்டும். அவர்களைப் பற்றிக் கொஞ்சம் பிறகு சொல்கிறேன்.

இரண்டாம் நாள் இகெபுகுரோ போங்கள், ஆனால் கடைகளுக்கு அல்ல. அங்கிருந்து செய்பு பாதையில் சாதாரண ரயிலில் ஏறி, முதல் ஸ்டேஷனான ஷீனாமாச்சியில் இறங்குங்கள். விரைவு ரயில் அங்கே நிற்காது. கால் மணி நேர நடையில் டோகிவாசோ மாங்கா அருங்காட்சியகம். 1950-களில் இளம் மாங்கா ஓவியர்கள் கூட்டமாக வாடகைக்கு இருந்த இரண்டு மாடி மரக் கட்டடம் டோகிவாசோ. 1982-இல் இடித்துவிட்டார்கள். 2020-இல் அதே பகுதியில் அதை அப்படியே திரும்பக் கட்டி எழுப்பியிருக்கிறார்கள், படி ஏறும்போது வரும் கிறீச் சத்தம் வரைக்கும். சிறப்புக் கண்காட்சி நடக்கும் நாட்களைத் தவிர நுழைவுக் கட்டணம் இல்லை.

மாடியில் வரிசையாக அறைகள், ஒவ்வொன்றும் நாலரைப் பாய் விரிக்கும் அளவு. ஒருவர் படுத்து, ஒரு மேஜை போட்டால் தீர்ந்தது. எல்லோருக்கும் பொதுவாக ஒரே சமையலறை. அடுப்படி அழுக்குக் கறையைக்கூட விடாமல் செய்துவைத்திருக்கிறார்கள். ஆஸ்ட்ரோ பாயைப் படைத்த ஒசாமு தெசுகா இங்கே 14-ஆம் எண் அறையில் இருந்தார். 1954-இல் அவர் காலி செய்தபோது அந்த அறைக்கு வந்தவர்கள் வெளியூரிலிருந்து வந்த இரண்டு இளைஞர்கள். அட்வான்ஸ் கட்ட அவர்களிடம் பணம் இல்லை. தான் கட்டியிருந்த 30,000 யென் அட்வான்ஸைத் திரும்ப வாங்காமல் அவர்களுக்காக விட்டுவிட்டுப் போனார் தெசுகா. அந்த இருவரில் ஒருவர்தான் ஃபுஜிகோ எஃப். ஃபுஜியோ. நம் வீட்டுக் குழந்தைகள் தமிழில் பேசக் கேட்டு வளர்ந்த டோரேமான், அவர் கையில் பிறந்தது.

இதைக் கேட்ட பிறகு குழந்தைகள் சும்மா இருக்கமாட்டார்கள். கவாசாகியில் நொபொரிட்டோ ஸ்டேஷன் பக்கம் 2011-இல் திறந்த ஃபுஜிகோ எஃப். ஃபுஜியோ அருங்காட்சியகத்துக்கு மூன்றாம் நாளை ஒதுக்குங்கள். இதற்கும் முன்பதிவு உண்டு, நேரமும் குறித்திருக்கும். அங்கே அச்சுப் பிரதிகளுக்குப் பதில் மாங்காவின் மூலப் பக்கங்களைக் கண்ணாடிக்குப் பின்னால் வைத்திருக்கிறார்கள். மை எங்கே அழுத்தமாக விழுந்தது, எங்கே இலேசாக இழுபட்டது என்பதைக் கிட்டப்போய்ப் பார்க்கலாம்.

நேரம் மிஞ்சினால் செய்பு பாதையிலேயே ஒய்சுமி-கக்குஎன். ஸ்டேஷன் வாசலில் ஆஸ்ட்ரோ பாய், கேலக்ஸி எக்ஸ்பிரஸ் 999-இன் மேட்டெல் சிலைகள் ஆளுயரத்தில் நிற்கின்றன. ஜப்பானின் முதல் வண்ண முழுநீள அனிமேஷன் படம் 1958-இல் தயாரானது இந்தப் பகுதியில்தான். ஓகிகுபோ பக்கத்துச் சுகினாமி அனிமேஷன் அருங்காட்சியகமும் இலவசம். அகிஹபாராவுக்கு ஒரு ஞாயிறு மதியம் போதும். அன்று பிரதான சாலையில் வண்டிகளை நிறுத்திவிட்டு நடக்கவிடுவார்கள்.

நகானோ பிராட்வேக்கு அதைவிட அதிக நேரம் கொடுக்கலாம். 1966-இல் கட்டிய வணிக வளாகம், மாடிக்கு மாடி பழைய மாங்கா, பழைய பொம்மை. அங்கே ‘செல்’ விற்கும் கடைகளைத் தேடுங்கள். கணினி வருவதற்கு முன், 1990-களின் கடைசி வரை, அனிமேயின் ஒவ்வொரு அசைவையும் ஒளி ஊடுருவும் தாளில்தான் தீட்டினார்கள். முன்பக்கம் கோடு, பின்பக்கம் வண்ணம். கடைக்காரரிடம் கேட்டுத் திருப்பிப் பாருங்கள். முன்னால் வழுவழுவென்று ஒரே நிறமாகத் தெரிந்த கன்னத்தில், பின்னால் தூரிகை போய் வந்த தடம் திட்டுத் திட்டாகத் தெரியும். யார் தீட்டியது என்று அதில் பெயர் இருக்காது.

இந்தப் பெயரில்லாதவர்கள்தான் என் கவலை. இரண்டு முக்கியப் படங்களுக்கு நடுவில் வரும் அசைவுகளை வரைகிற புதியவர்களுக்கு நெடுங்காலமாக ஒரு படத்துக்கு 200 யென் அளவில்தான் கூலி. அரை மணி நேர எபிசோடு ஒன்றுக்கு மூவாயிரம் படங்களுக்கு மேல் தேவைப்படும். இந்த வேலை செய்பவர்களின் சராசரி ஆண்டு வருமானம் 11 லட்சம் யென் என்று 2015-இல் வெளியான ஒரு கணக்கெடுப்பு சொன்னது. மாதத்துக்கு ஒரு லட்சம் யென்கூட இல்லை. அதில் டோக்கியோவில் வாடகை கொடுத்துச் சாப்பிட வேண்டும். பல வேலைகள் இப்போது வெளிநாட்டு ஸ்டுடியோக்களுக்குப் போய்விடுகின்றன, அங்கும் யாரோ ஒருவர் குனிந்து வரைந்துகொண்டிருக்கிறார். மறுபக்கம், 2023-இல் ஜப்பானிய அனிமேயின் மொத்தச் சந்தை 3 லட்சம் கோடி யென்னைத் தாண்டியது. அதில் பாதிக்கு மேல் வெளிநாட்டிலிருந்து, அதாவது நம்மைப் போன்ற ரசிகர்களிடமிருந்து வந்தது.

பணம் எங்கே போகிறது? ஒரு தொடரைத் தயாரிக்கப் பல நிறுவனங்கள் கூட்டாக முதல் போடுகின்றன. உரிமையும் லாபமும் முதல் போட்டவர்களுக்கு. படத்தைச் செய்து கொடுக்கும் ஸ்டுடியோ அந்தக் கூட்டில் சேரவில்லை என்றால், பேசிய தயாரிப்புத் தொகையோடு அதன் கணக்கு முடிந்தது. தொடர் உலகமெங்கும் ஓடினாலும் சரி, கதாநாயகன் படம் போட்ட அக்ரிலிக் பொம்மை லட்சக்கணக்கில் விற்றாலும் சரி, அந்த முகத்தை ஆயிரம் முறை வரைந்தவருக்கு அதில் பங்கு இல்லை. நீங்கள் 1,600 யென் கொடுத்து வாங்கும் அப்படி ஒரு பொம்மையின் விலை, எட்டுப் படங்களுக்கான கூலி.

பொருள் விற்பனை இல்லாவிட்டால் அனிமேயே இல்லை என்று வாதிடுகிறவர்கள் உண்டு. 1963-இல் ஆஸ்ட்ரோ பாய் தொடரைத் தொலைக்காட்சிக்கு அடக்க விலைக்கும் குறைவாகக் கொடுத்து, சாக்லேட் டப்பாவுக்குள் வந்த ஸ்டிக்கர் போன்றவற்றின் வருமானத்தில் சமாளித்தார்கள் என்பது உண்மை. சில ஸ்டுடியோக்கள் ஓவியர்களை இப்போது மாதச் சம்பளத்துக்கு எடுக்கின்றன என்பதும் உண்மை. இருந்தாலும் அறுபது ஆண்டாகப் பொம்மை விற்றும் கூலி இந்த அளவில் நிற்கிறதென்றால், இன்னும் கொஞ்சம் பொம்மை விற்றால் சரியாகிவிடும் என்று நம்ப எனக்குக் காரணம் எதுவும் தெரியவில்லை. நாணயங்களைப் போட்டுக் குமிழைத் திருப்பினால் பந்து விழும் கச்சாபோன் இயந்திரத்தின் முன், குழந்தை கேட்ட பொம்மை வரும்வரை 300, 400 யென்னாகப் போட்டுக்கொண்டே இருக்கும் பெற்றோர்களைப் பார்க்கும்போது வருத்தமாகத்தான் இருக்கிறது.

அந்தப் பணத்தை வேறு விதமாகச் செலவழியுங்கள். பழைய மாங்காவைவிடப் புதுப் பிரதி வாங்குங்கள். விற்ற விலையில் பத்து சதவீதம் அளவுக்கு ஆசிரியருக்குப் போகும், பழைய புத்தகத்தில் அவருக்கு எதுவும் இல்லை. முடிந்தால் பயணத் தேதியையே கோமிட்டியா நடக்கும் ஞாயிற்றுக்கிழமையோடு பொருத்துங்கள். டோக்கியோ பிக் சைட் அரங்கில் ஆண்டுக்கு நான்கு முறை அளவில் நடக்கும் சந்தை அது. ஆகஸ்டிலும் டிசம்பரிலும் நடக்கும் கோமிக்கெட் இதைவிடப் பல மடங்கு பெரியது, ஆனால் புழுக்கமும் நெரிசலும் குழந்தைகளுக்குத் தாங்காது. கோமிட்டியாவில் சொந்தப் படைப்பு மட்டுமே அனுமதி. அரை மேஜையை வாடகைக்கு எடுத்து, தாங்கள் அச்சடித்த சிறு மாங்காவைத் தாங்களே விற்பார்கள். பகலில் ஸ்டுடியோவில் வரைந்துவிட்டு இரவில் தன் கதையை வரைகிறவர்களும் அந்த மேஜைகளுக்குப் பின்னால் உட்கார்ந்திருப்பார்கள். எடுத்துப் புரட்டலாமா என்று கேட்டுவிட்டுப் புரட்டுங்கள். பல மேஜைகளில் கார்டு செல்லாது. முந்தின நாளே 500 யென் நாணயங்களும் 1,000 யென் தாள்களும் மாற்றி வைத்துக்கொள்ளுங்கள்.