மரத்தவளையும் தேரைத் தோஷமும்

ரமணாசிரமமும் பாலி தீர்த்தமும் அமைந்த திருவண்ணாமலை மலையடிவாரத்திலும், அதனைச் சூழ்ந்த கிராமங்களிலும், மழைக்காலத்து இரவுகளில் சுவரிலும் தூணிலும் ஏறி நிற்கும் மெலிந்த தவளை ஒன்றைப் பலரும் கண்டிருப்பர். இதனைத் தேரை என்று அழைத்து, குழந்தைகளுக்கும் தென்னைக்கும் கேடு விளைப்பதாக எண்ணிக் கொல்வாரும் உளர். இப்பிராணி எவ்வகுப்பைச் சேர்ந்தது, அதன் அங்க அமைப்பு எத்தகையது என்பவற்றை அறிந்தால் இவ்வெண்ணம் தவறென்பது விளங்கும்.

தேரை என்னும் பெயர் எல்லா ஊர்களிலும் ஒரே பிராணியைக் குறிப்பதன்று. சில இடங்களில் தரையில் வாழும் சொறித்தவளைக்கு அப்பெயர் வழங்குகிறது. அது பூபோனிடே என்னும் குடும்பத்தது. சுவரேறும் தவளையோ ராக்கோபோரிடே என்னும் வேறு குடும்பத்தைச் சேர்ந்தது. 400-க்கு மேற்பட்ட இனங்களைக் கொண்ட இக்குடும்பம் ஆசியாவிலும் ஆப்பிரிக்காவிலும் பரவியுள்ளது. 1830-களில் இத்தவளையை விவரித்த ஜான் எட்வர்டு கிரே என்னும் ஆங்கிலேயர் இதனை ஹைலா என்னும் பேரினத்தில் சேர்த்தார். ஹைலாவின் குடும்பத்தைச் சேர்ந்தவற்றுள் பெரும்பாலானவை அமெரிக்கக் கண்டங்களில் வாழ்வன. மரமேறும் வாழ்க்கையினால் இரு குடும்பங்களும் ஒத்த உருவம் பெற்றனவேயன்றி, நெருங்கிய உறவுடையன அல்ல என்பது பின்னர்த் தெளிவாயிற்று. இப்போது இதன் சாஸ்திரப் பெயர் பாலிபிடேடிஸ் மாகுலேட்டஸ் என்பதாம். பின்சொல்லுக்குப் புள்ளியுடையது என்பது பொருள். சுண்ணாம்புச் சுவர்களில் தங்குவதால் ஆங்கிலத்தில் இதற்குச் சுனம் தவளை என்ற பெயரும் உண்டு.

இதனை அடையாளம் காண்பது எளிது. பெண் தவளை ஏறக்குறைய மூன்று அங்குலம் வரை வளரும். ஆண் அதனினும் சிறியது. உடல் மெலிந்தும், பின்கால்கள் நீண்டும், கண்கள் பெருத்தும் இருக்கும். மேல்தோல் பழுப்பு அல்லது மங்கிய மஞ்சள் நிறம். இருக்கும் இடத்திற்கேற்ப நிறம் வெளுக்கவும் கறுக்கவும் கூடும். தொடையின் பின்புறத்தில் மஞ்சட் புள்ளிகள் காணப்படும். விரல் நுனிகள் வட்டத் தகடுபோல் அகன்றிருக்கும். ஈரம் கசியும் அத்தகடுகளே வழுவழுப்பான சுவரிலும் பற்றிக்கொள்ள உதவுகின்றன. விரலின் கடைசி இரு எலும்புகளுக்கிடையே அமைந்த சிறு குருத்தெலும்பு, தகடு படியுமாறு விரலை வளைக்கத் துணைசெய்கிறது.

மழை பெய்ததும் பெண் தவளை தண்ணீருக்கு மேலே தொங்கும் இலையிலோ தொட்டிச் சுவரிலோ ஒருவிதத் திரவத்தைச் சுரந்து, அதனைக் கால்களால் அடித்து நுரையாக்கி, நூற்றுக்கணக்கான முட்டைகளை அதனுள் இடும். நுரையின் மேற்புறம் உலர்ந்தாலும் உட்புறம் ஈரமாகவே இருக்கும். சில நாட்களில் பொரித்த குஞ்சுகள் கீழுள்ள நீரில் விழுந்து வளரும்.

இனி, தோஷத்தைப் பற்றிச் சிறிது ஆராய்வோம். இதன் மேல்தாடையில் நுண்ணிய பற்கள் உண்டு. கீழ்த்தாடையில் பற்களே இல்லை. மட்டையையும் ஓட்டையும் துளைத்துப் பருப்பை உண்ணுதல் இதற்கு இயலாத காரியம். இதன் ஆகாரம் கரப்பான், பாச்சை, விட்டில் முதலிய பூச்சிகளே. தேரை விழுந்ததெனப்படும் பருப்பற்ற காய்க்கு மகரந்தச் சேர்க்கைக் குறைவும், சாம்பல் சத்து, போரான் சத்து ஆகியவற்றின் குறைவுமே முக்கிய காரணங்கள். தவளையைக் கொல்வதால் ஒரு காயும் கூடாது. மண்ணைப் பரிசோதித்து ஏற்ற உரமிடுதலே பலன் தரும்.

குழந்தை தேய்ந்து மெலிவதைப் பிள்ளைத்தேரை என்று கருதி மந்திரிப்பது இதனினும் பெருங்கேடாம். போதிய பாலும் உணவும் இன்மை, அடிக்கடி நேரும் வயிற்றுப்போக்கு, காசம் போன்ற நோய்கள் ஆகியவையே அம்மெலிவுக்குக் காரணம். மந்திரிப்பதில் கழியும் ஒவ்வொரு நாளும் குழந்தையின் உயிருக்கு அபாயம் விளைப்பதாகும். தாமதியாமல் ஆரம்ப சுகாதார நிலையத்திற்குக் குழந்தையை எடுத்துச் செல்வதே தாய் தந்தையரின் கடமை.

பசு லட்சுமிக்கும், மானுக்கும், காகத்திற்கும், நாய்க்கும் சமாதிகள் உள்ள இடம் ரமணாசிரமம். அத்தலத்தைச் சூழ்ந்து வாழ்வோர் இச்சிறு பிராணிக்கு அஞ்சவும் வேண்டியதில்லை, அதனைக் கொல்லவும் வேண்டியதில்லை. சங்க அங்கத்தினர்கள் கிணற்றோரத்திலும் தொட்டியோரத்திலும் காணும் நுரைக்கூட்டைக் கலைக்காதிருப்பதும், மெலிந்த குழந்தை உள்ள வீட்டாருக்கு உண்மைக் காரணத்தை எடுத்துரைப்பதும் கிராமத்திற்குச் செய்யும் நற்பணியாகும்.