ஃபவுண்டன்ஸ் மடாலயம், யார்க்‌ஷயர்: மூடலும் அதன் பின்னும்

1132-இல் நிறுவப்பட்டு, எளிமையையும் உடலுழைப்பையும் நெறியாகக் கொண்ட சிஸ்டெர்சியன் துறவியரால் நடத்தப்பட்ட இம்மடாலயம், ஆட்டுரோம வணிகத்தால் இங்கிலாந்தின் செல்வம் மிக்க மடங்களுள் ஒன்றாக வளர்ந்தது. போப்பின் அதிகாரத்தை மறுத்து 1534-இல் இங்கிலாந்துத் திருச்சபையின் தலைமையைத் தாமே ஏற்ற மன்னர் எட்டாம் ஹென்றி, ஆண்டு வருமானம் 200 பவுண்டுக்குக் குறைந்த மடங்களை மூட 1536-இல் சட்டம் இயற்றச் செய்தார். ஒழுக்கச் சீர்கேடே காரணம் எனப்பட்டாலும், வருமானம் அளவுகோலானதே நோக்கத்தைக் காட்டிவிடுகிறது. இதை எதிர்த்து எழுந்த, ‘அருள் யாத்திரை’ எனப்பட்ட வடபகுதிக் கிளர்ச்சி ஒடுக்கப்பட்டபின் பெரிய மடங்களும் தப்பவில்லை. இம்மடம் 1539 நவம்பரில் அரசிடம் ஒப்படைக்கப்பட்டது.

துறவியர் ஓய்வூதியம் பெற்றனர். ஆனால் மடத்து வாயிலில் உணவும் உதவியும் பெற்றுவந்த ஏழைகளுக்கு மாற்று ஏற்பாடு எதுவும் செய்யப்படவில்லை. நாட்டின் பிற மடங்களிலிருந்து சொற்ப ஓய்வூதியத்துடன் வெளியேறிய பெண் துறவியர் நிலை இன்னும் இக்கட்டானது. அவர்களது கற்பு உறுதிமொழி தொடர்ந்து செல்லும் என 1539-இன் ஆறு விதிகள் சட்டம் கூறியதால், அவர்கள் மணம் புரியவும் வழியில்லாதிருந்தது. ஃபவுண்டன்ஸ் மடத்தை 1540-இல் லண்டன் வணிகர் ரிச்சர்ட் கிரெஷாம் வாங்கினார். அருகிலுள்ள ஃபவுண்டன்ஸ் ஹால் மாளிகை, பின்னாளில் இம்மடத்தின் கற்களையும் கொண்டே எழுப்பப்பட்டது.