பாறையிலிருந்து அணு உலை வரை

(இரண்டாம் ஆண்டு, பி.எஸ்ஸி. இயற்பியல்)

எங்கள் வகுப்பில் அணுக்கருப் பிளவு என்னும் பாடம் இரண்டு மணி நேரத்தில் முடிந்துவிட்டது. யுரேனியம்-235 அணுக்கரு ஒரு நியூட்ரானை ஏற்றுப் பிளவுபடும், ஏறத்தாழ 200 மில்லியன் எலக்ட்ரான் வோல்ட் ஆற்றல் வெளிப்படும், புதிதாக இரண்டு அல்லது மூன்று நியூட்ரான்கள் கிளம்பும், தொடர்வினை நிகழும். தேர்வுக்கு இவ்வளவு போதும். அந்த யுரேனியம் எங்கிருந்து வருகிறது, எவ்வாறு எரிபொருளாகிறது என்பது பாடத்தில் இல்லை.

விடுமுறையில் ஊருக்குச் சென்றிருந்தபோது இதைப் பற்றி என் தந்தையாரிடம் சொல்லிக்கொண்டிருந்தேன். அவர் கல்குவாரியில் கல் உடைப்பவர். கையெழுத்து மட்டும் போடத் தெரியும். நம் நாட்டுச் சுரங்கத்தில் ஒரு டன் பாறையை உடைத்தால் அரைக் கிலோ யுரேனியம் கிடைக்கும் என்றேன். அவர் வியப்படையவில்லை. "அப்போ மிச்சக் கல்லையெல்லாம் எங்கடா கொட்டுவாங்க?" என்று கேட்டார். எனக்கு விடை தெரியவில்லை. கல்லூரி திறந்ததும் நூலகத்தில் தேடிப் படித்தேன். ஒவ்வொரு கட்டத்திலும் ஒன்று பிரிக்கப்படுகிறது, ஒன்று மீதியாகிறது என்பது அப்போதுதான் விளங்கிற்று. நண்பர்களே, அதனையே இங்கு எழுத முற்படுகிறேன்.

யுரேனியத்தை 1789-ஆம் ஆண்டில் கண்டறிந்தவர் கிளாப்ராத் என்னும் ஜெர்மானிய வேதியலறிஞர். அதற்குச் சில ஆண்டுகளுக்கு முன் கண்டுபிடிக்கப்பட்டிருந்த யுரேனஸ் கிரகத்தின் பெயரையே அதற்கு வைத்தார். இது கிடைத்தற்கரிய தனிமம் என்று நாம் எண்ணுகிறோம். உண்மையில் பூமியின் மேலோட்டில் வெள்ளியை விட யுரேனியமே மிகுதி. என் தந்தையார் உடைக்கும் கருங்கல்லிலும் டன்னுக்குச் சில கிராம் இருக்கக்கூடும். ஆனால் அதைப் பிரித்தெடுக்க ஆகும் செலவு கட்டுப்படியாகாது. எங்கே அது ஓரளவேனும் திரண்டிருக்கிறதோ அதையே தாது என்கிறோம்.

நம் நாட்டில் அப்படி முதலில் அகப்பட்ட இடம் ஜாதுகுடா. இன்றைய ஜார்க்கண்ட் மாநிலத்தில், செப்புத் தாதுவுக்குப் பெயர் பெற்ற சிங்பூம் பகுதியில் இருக்கிறது. 1951-ல் அங்கே யுரேனியம் கண்டறியப்பட்டது. 1967-ல் இந்திய யுரேனியக் கழகம் அமைக்கப்பட்டது. சுரங்கம் இன்று ஏறத்தாழ 900 மீட்டர் ஆழத்திற்கு இறங்கியுள்ளது. இவ்வளவு ஆழத்திலிருந்து கொண்டு வரும் பாறையிலும் நூற்றுக்கு 0.05 பங்கு என்ற அளவிலேயே யுரேனியம் உள்ளது. கனடாவின் சிகார் லேக் சுரங்கத்திலோ நூற்றுக்கு 15 பங்குக்கு மேல்! அங்கே தாதுவின் கதிரியக்கம் மிகக் கடுமையாக இருப்பதால் மனிதர் அதன் அருகில் நின்று வெட்டுவதில்லை. நிலத்தை உறைய வைத்து, நீரைப் பீய்ச்சி, தொலைவிலிருந்தே அறுத்தெடுக்கின்றனர். வளமான தாதுவுக்கும் இப்படி ஒரு சங்கடம் உண்டு.

உலகிலேயே மிகுதியாக யுரேனியம் தரும் கஜகஸ்தானில் பாறையை வெளியே எடுப்பதே இல்லை. ஆழ்துளைக் கிணறுகள் வழியே அமிலக் கரைசலை உள்ளே செலுத்தி, யுரேனியத்தைக் கரைத்து, வேறு கிணறுகள் வழியே மேலே இறைக்கின்றனர். நீர் ஊடுருவும் மணற்பாறையில்தான் இது பலிக்கும். ஜாதுகுடாவின் கெட்டிப் பாறையில் பலிக்காது. ஆட்கள் இறங்கித்தான் ஆக வேண்டும்.

இறங்குபவர்களுக்கு வெடியும் பாறைச் சரிவும் மட்டுமல்ல அபாயம். யுரேனியம் சிதைந்து ரேடியமாகிறது; ரேடியம் சிதைந்து ரேடான் என்னும் வாயுவாகிறது. நிறமோ மணமோ இல்லாத இந்த வாயுவின் சிதைவுப் பொருள்கள் நுரையீரலில் தங்கிப் புற்றுநோயை உண்டாக்கும். அமெரிக்காவின் நவாஹோ பழங்குடியினர் பலர், காற்றோட்டமில்லாத யுரேனியச் சுரங்கங்களில் வேலை செய்து இந்நோய்க்கு இரையாயினர். ஆகவே யுரேனியச் சுரங்கத்தில் மின்விசிறிகள் ஓயாமல் காற்றைச் செலுத்த வேண்டும். கல்தூசி என்றால் என்னவென்று இருமலுடன் வீடு திரும்பும் ஒருவரின் மகனாகிய எனக்குத் தெரியும். அதனால் இந்தப் பகுதியை இருமுறை படித்தேன்.

மேலே வந்த பாறையை ஆலையில் நொறுக்கி, நீருடன் சேர்த்து மாவாக அரைக்கின்றனர். பிறகு கந்தக அமிலம் சேர்க்கப்படுகிறது. யுரேனியம் நான்கு இணைதிற நிலையில் எளிதில் கரையாது. ஆறு இணைதிற நிலைக்கு உயர்த்தினால் கரையும். அதற்காக மாங்கனீசு டையாக்சைடு போன்ற ஆக்சிஜனேற்றி ஒன்றையும் சேர்ப்பார்கள். ஆந்திராவின் தும்மலபள்ளியில் தாது சுண்ணாம்புத் தன்மையுள்ள பாறையில் இருக்கிறது. அங்கே அமிலத்தை ஊற்றினால் பாறையே அமிலத்தைக் குடித்துவிடும் என்பதால் காரக் கரைசலைப் பயன்படுத்துகின்றனர். முதலாண்டு வேதியல் படித்தவர்க்கு இதன் காரணத்தைச் சொல்ல வேண்டியதில்லை. கரைந்த யுரேனியத்தை அயனிப் பரிமாற்றப் பிசினில் பிடித்து, மீண்டும் கரைத்து, வீழ்படிவாக்கினால் மஞ்சள் நிறத் தூள் கிடைக்கிறது. இதற்கு 'மஞ்சள் கேக்' என்று பெயர். உண்ணும் கேக்குக்கும் இதற்கும் உறவில்லை.

இனி மிச்சக் கல்லுக்கு வருவோம். டன்னுக்கு அரைக் கிலோ போனால், மீதி ஏறக்குறைய ஒரு டன்னும் அப்படியே நிற்கிறது. அதில் பருமணலாக உள்ள பகுதியை வெட்டியெடுத்த சுரங்க அறைகளை நிரப்பப் பயன்படுத்துகின்றனர். மாவாக உள்ள சேற்றைச் சுண்ணாம்பிட்டு அமிலத்தன்மை போக்கி, குழாய் வழியே கழிவுக் குளங்களுக்கு அனுப்புகின்றனர். யுரேனியத்தை எடுத்துவிட்டதால் கதிரியக்கமும் போய்விட்டது என்று நான் முதலில் நினைத்தேன். அது தவறு. ரேடியமும் தோரியம்-230-உம் சேற்றிலேயே தங்கிவிடுகின்றன. தாதுவின் கதிரியக்கத்தில் 85 விழுக்காடு அங்கேதான் இருக்கிறது. ரேடியத்தின் அரை ஆயுட்காலம் 1600 ஆண்டுகள். தோரியம்-230-க்கு ஏறத்தாழ 75,000 ஆண்டுகள்.

அக்குளங்களைச் சுற்றி வாழ்பவர்கள் பெரும்பாலும் சந்தால், ஹோ பழங்குடி மக்கள். 2006 டிசம்பரில் கழிவுக் குழாய் உடைந்து சேறு ஓடையில் கலந்தது. பிறவிக் குறைபாடுகள் இப்பகுதியில் மிகுந்துள்ளன என்று மருத்துவர் குழு ஒன்று ஆய்வு செய்து கூறியது. கதிரியக்கம் இதற்குக் காரணமல்ல என்று யுரேனியக் கழகம் மறுக்கிறது. இதில் தீர்ப்புச் சொல்லும் தகுதி எனக்கில்லை. ஆனால் அங்கிருந்து வரும் மின்சாரத்தில் நாம் படிக்கிறோம் என்றால், அந்தக் குளம் எங்கே இருக்கிறது என்பதையாவது நாம் தெரிந்துவைத்திருக்க வேண்டாமா?

மஞ்சள் தூள் ஐதராபாத்திலுள்ள அணு எரிபொருள் வளாகத்திற்குச் செல்கிறது. 1971-ல் அமைக்கப்பட்டது இவ்வளாகம். நியூட்ரான்களை விழுங்கும் போரான், காட்மியம் போன்றவை மிக நுண்ணிய அளவில்கூட இருக்கலாகாது. ஆகவே நைட்ரிக் அமிலத்தில் கரைத்துத் தூய்மைப்படுத்துகின்றனர். பின்பு யுரேனியம் டையாக்சைடு தூளாக்கி, சிறு வில்லைகளாக அழுத்தி, 1700 டிகிரி அளவில் சுடுகின்றனர். குயவர் சூளை போலத்தான். ஆனால் ஹைட்ரஜன் சூழ்ந்த சூளை. சுட்ட வில்லைகளை அடைக்கும் குழாய்கள் சிர்கோனிய உலோகக் கலவையால் ஆனவை. அந்தச் சிர்கோனியம் தரும் மணல் நம் கன்னியாகுமரி மாவட்டத்து மணவாளக்குறிச்சிக் கடற்கரையிலும் கிடைக்கிறது. இத்தகைய குழாய்கள் 19 சேர்ந்தது ஒரு கட்டு. நீளம் அரை மீட்டர். கல்பாக்கத்தின் 220 மெகாவாட் உலை ஒன்றுக்கு இத்தகைய கட்டுகள் 3672 வேண்டும். ஒரு கட்டில் ஏறத்தாழ 13 கிலோ யுரேனியம். அதாவது ஒரு கட்டுக்கு 26 டன் பாறை!

இதுவரை சொன்னதில் செறிவூட்டல் வரவில்லை என்பதைக் கவனித்திருப்பீர்கள். இயற்கை யுரேனியத்தில் 0.72 விழுக்காடு மட்டுமே யுரேனியம்-235. மற்றது ஏறக்குறைய முழுவதும் யுரேனியம்-238. உலகெங்கும் இந்த விகிதம் ஒன்றே. 1972-ல் ஆப்பிரிக்காவின் காபோன் நாட்டுத் தாதுவில் இது சற்றுக் குறைந்திருப்பதைப் பிரெஞ்சுக்காரர்கள் கண்டனர். ஆராய்ந்தபோது 200 கோடி ஆண்டுகளுக்கு முன் அங்கே இயற்கையாகவே ஓர் அணு உலை எரிந்து அணைந்திருப்பது தெரிந்தது!

கல்பாக்கம் உலைகள் இந்த 0.72 விழுக்காட்டைக் கொண்டே இயங்கும் வகையில் அமைந்தவை. காரணம், அவற்றில் தணிப்பானாகக் கனநீர் இருப்பதுதான். சாதாரண நீர் நியூட்ரான்களை ஓரளவு விழுங்கிவிடும்; கனநீர் மிகச் சிறிதே விழுங்கும். ஆனால் பிரிக்கும் வேலை ஒழிந்துவிட்டது என்று எண்ண வேண்டாம். யுரேனியத்தில் செய்ய வேண்டியதை நீரில் செய்கிறோம், அவ்வளவே. ஆறாயிரத்துச் சொச்சம் ஹைட்ரஜன் அணுக்களில் ஒன்றே கன ஹைட்ரஜன். எனினும் அது சாதாரண ஹைட்ரஜனைப் போல் இருமடங்கு நிறையுடையதாகையால் பிரிப்பது ஒப்புநோக்க எளிது.

கூடங்குளம் உலைகள் சாதாரண நீரில் இயங்குபவை. அவற்றுக்கு 4 விழுக்காடு வரை யுரேனியம்-235 வேண்டும். இங்கேதான் உண்மையான கடினம். இரண்டு ஐசோடோப்புகளுக்கும் வேதியல் பண்பு ஒன்றே. எந்த அமிலமும் அவற்றைப் பிரிக்காது. நிறையில் உள்ள சிறு வேறுபாடு ஒன்றே பிடிமானம். யுரேனியத்தை ஃபுளோரினுடன் சேர்த்து ஹெக்சாஃபுளோரைடாக்கினால் 56 டிகிரியிலேயே ஆவியாகிறது. ஃபுளோரினுக்கு இயற்கையில் ஒரே ஐசோடோப்புதான் என்பது நம் நல்வாய்ப்பு. மூலக்கூறு நிறைகள் 349, 352. நாம் படித்த கிரகாம் விதிப்படி வர்க்கமூலம் எடுத்தால் விரவும் வேகங்களின் விகிதம் 1.0043. ஒரு சவ்வின் வழியே செலுத்தினால் 0.72 என்பது 0.723 ஆகும்! ஆயிரத்துக்கு மேற்பட்ட முறை செலுத்தினால்தான் பயனுண்டு. இரண்டாம் உலகப் போரின்போது அமெரிக்கர் ஓக் ரிட்ஜில் இதற்கெனவே மாபெரும் ஆலை கட்டினர். அங்கேயே மின்காந்த முறையில் பிரிக்கவும் முயன்றனர். சுருள் சுற்றச் செம்பு பற்றாக்குறையானதால் அரசுக் கருவூலத்திலிருந்து 14,000 டன்னுக்கு மேல் வெள்ளியைக் கடன் வாங்கினர்.

இன்று சவ்வு முறை வழக்கொழிந்துவிட்டது. அமெரிக்காவின் கடைசி ஆலை 2013-ல் மூடப்பட்டது. அதன் இடத்தைப் பிடித்தது மையவிலக்குப் பொறி. பால் கூட்டுறவுச் சங்கத்தில் பாலாடை பிரிக்கும் பொறியைப் பார்த்திருப்பீர்கள், தத்துவம் அதுதான். ஒலியை மிஞ்சும் வேகத்தில் சுழலும் உருளையில் கனமான மூலக்கூறுகள் சுவரோரம் ஒதுங்க, இலேசானவை நடுவில் மிகுகின்றன. மின்செலவு சவ்வு முறையில் ஐம்பதில் ஒரு பங்குதான். இந்த இலேசான வழியே உலகத்தின் கவலையுமாகும். 4 விழுக்காட்டை எட்டும்போதே, குண்டுக்கு வேண்டிய 90 விழுக்காட்டுக்கான உழைப்பில் பாதிக்கு மேல் முடிந்துவிடுகிறது. ஆகவேதான் இப்பொறிகளை எண்ணிப் பார்க்கப் பன்னாட்டு அணுசக்தி முகமை ஆட்களை அனுப்புகிறது. கூடங்குளத்திற்கு வேண்டிய எரிபொருள் ரஷ்யாவிலிருந்தே வருகிறது.

இதிலும் மீதி உண்டு. கணக்கிட்டுப் பாருங்கள்: 8 கிலோ இயற்கை யுரேனியத்தில் ஏறத்தாழ 57 கிராம் யுரேனியம்-235. ஒரு கிலோ எரிபொருளில் 40 கிராம் போனால், மீதி 7 கிலோவில் 17 கிராம் தங்கிவிடுகிறது. அந்த ஏழு கிலோ, உருளைகளில் அடைபட்டு அந்தந்த நாட்டுக் கிடங்குகளில் அடுக்கி வைக்கப்பட்டிருக்கிறது.

உலையில் எரிந்து முடிந்த எரிபொருளோ முதலில் நீர்த்தொட்டியில் பல்லாண்டுகள் குளிர வேண்டும். பின்னர் மறுசுத்திகரிப்பில் புளூட்டோனியத்தைப் பிரித்து, கடுங்கழிவைக் கண்ணாடியோடு உருக்கிச் சேர்த்து வைக்கின்றனர். அதனை நிரந்தரமாகப் புதைக்கும் ஆழ்நிலக் கிடங்கு நம் நாட்டில் இன்னும் அமையவில்லை. என் தந்தையாருக்கு இதுவரை ஜாதுகுடாக் குளம் வரைதான் கடிதத்தில் எழுதியிருக்கிறேன். தங்கை படித்துக் காட்டியிருப்பாள். இந்தக் கடைசிப் பகுதியைப் பொங்கல் விடுமுறையில் நேரில்தான் சொல்ல வேண்டும்.