‘ஒலிப்பு முறைப்படி’ என்றால் என்ன? – ஸ்டேஷன் பெயர்ப்பலகை சொல்லும் பாடம்



ஆங்கில அகராதியில் ‘ஃபோனட்டிக்கலி’ என்று ஒரு சொல் இருக்கிறது. பார்க்கப் பெரிய சொல்லாக இருக்கும். ஆனால் பயப்பட வேண்டாம். ‘ஃபோனே’ என்றால் கிரேக்க மொழியில் குரல், ஒலி என்று பொருள். டெலிஃபோன், மைக்ரோஃபோன் எல்லாவற்றிலும் இருப்பது அதே ‘ஃபோன்’தான். இலக்கணத்தில் இந்தச் சொல் ஒரு வினையடை. ‘எப்படி?’ என்ற கேள்விக்குப் பதில் சொல்வது வினையடை. எப்படி எழுதினாள்? அழகாக எழுதினாள். எப்படி எழுதினாள்? ஒலிப்பு முறைப்படி எழுதினாள். இதுதான் அதற்கு நம் தமிழ்.

இந்தச் சொல்லை மூன்று விதமாகப் பயன்படுத்துகிறார்கள்.

1. காதில் விழுந்ததை விழுந்தபடியே எழுதுவது. ‘கத்தி’ என்று பொருள்படும் ஆங்கிலச் சொல்லில் முதலில் ‘கே’ எழுத்து இருக்கிறது. ஆனால் நாம் ‘நைஃப்’ என்றுதான் சொல்கிறோம். ஒருவன் அந்த ‘கே’யை விட்டுவிட்டு ‘என்’னில் தொடங்கினால், அவன் ஒலிப்பு முறைப்படி எழுதிவிட்டான் என்று அர்த்தம். காது சரி, ஸ்பெல்லிங் தப்பு.

2. ஒரு மொழியின் எழுத்துமுறையைப் பற்றிச் சொல்வது. ‘தமிழ் பெரும்பாலும் ஒலிப்பு முறைப்படி எழுதப்படுகிறது’ என்பார்கள். எழுத்துக் கூட்டிப் படித்தாலே சொல் வந்துவிடும் என்று பொருள்.

3. ஒலியை மட்டும் தனியாக எடுத்து ஆராய்வது. ‘இந்த இரண்டும் ஒலிப்பில் வேறு, ஆனால் எழுத்தில் ஒன்று’ என்பது போல. மொழி ஆராய்ச்சி செய்கிறவர்கள் அதிகமாகப் பயன்படுத்துவது இதைத்தான்.

புத்தகத்தில் படித்தால் இவ்வளவுதான். நம் ரயில்வே ஸ்டேஷன் பலகைகளைப் பார்த்தால் இன்னும் நன்றாகப் புரியும்.

ஸ்டேஷன் பலகையைப் பாருங்கள்

நம் பக்கத்து ஸ்டேஷன்களில் மஞ்சள் பலகையில் தமிழ், இந்தி, ஆங்கிலம் என்று மூன்று மொழிகளில் பெயர் எழுதியிருக்கும். ‘தாம்பரம்’ என்ற சொல்லில் தமிழில் ‘ப’ போடுகிறோம். ஆங்கிலத்தில் ‘பேனா’வுக்கு வரும் பி போடவில்லை, ‘பஸ்’ஸுக்கு வரும் பி போட்டிருக்கிறார்கள். இந்தியிலும் அப்படித்தான், ‘ப’ வரிசையின் மூன்றாவது எழுத்து. (பாருங்கள், இரண்டு ‘பி’யையும் தமிழில் எழுத எனக்கு வேறு வேறு எழுத்து இல்லை. அதனால்தான் பேனா, பஸ் என்று சொல்கிறேன்!)

சரி, ஏன் பஸ்ஸின் பி? ஏனென்றால் நாம் எல்லோரும் அப்படித்தான் சொல்கிறோம். நம்பாவிட்டால் ஒரு சோதனை செய்து பாருங்கள். இரண்டு விரலைத் தொண்டையில் வைத்துக்கொண்டு ‘அப்பா’ என்று சொல்லுங்கள். நடுவில் அதிர்வு ஒரு நொடி நின்று மறுபடி வரும். இப்போது ‘அம்பு’ என்று சொல்லுங்கள். அதிர்வு நிற்கவே நிற்காது. இரண்டிலும் எழுத்து ‘ப’தான். ஆனால் தொண்டை செய்யும் வேலை வேறு.

க, ச, ட, த, ப, ற என்ற ஆறும் வல்லினம் என்று நமக்குத் தெரியும். இவை சொல்லில் எங்கே நிற்கின்றன என்பதைப் பொறுத்து ஒலி மாறும். ‘க’வை வைத்துப் பார்ப்போம்:

• சொல்லின் முதலில் வந்தால் வன்மையாக ஒலிக்கும் – கல்.
• இரட்டித்து வந்தாலும் வன்மைதான் – பக்கம்.
• இனமான மெல்லெழுத்துக்குப் பின்னால் வந்தால் அதிர்வோடு ஒலிக்கும் – தங்கம்.
• இரண்டு உயிர் ஒலிகளுக்கு நடுவில் வந்தால் மென்மையாகிவிடும் – மகன்.

‘தாம்பரம்’, ‘பெருங்களத்தூர்’ இரண்டிலும் மூன்றாவது விதி வேலை செய்கிறது. அதனால்தான் பெருங்களத்தூர் என்பதில் உள்ள ‘க’வுக்கு ஆங்கிலத்தில் ‘கே’ போடாமல் ‘ஜி’ போட்டிருக்கிறார்கள். ராபர்ட் கால்டுவெல் 1856-இல் வெளியிட்ட திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணத்தில் இந்த மாற்றத்தை ஒரு விதியாகவே எழுதி வைத்திருக்கிறார். நமக்கு யாரும் இதைச் சொல்லித் தரவில்லை. பேசக் கற்றுக்கொண்டபோதே சேர்ந்து வந்துவிட்டது.

விதிக்கு அடங்காதவையும் உண்டு. ‘கிண்டி’யில் ‘கி’ முதலில் வருகிறது. விதிப்படி வன்மையாக ஒலிக்க வேண்டும். ஆனால் ‘ஜி’ போட்டு எழுதும் ஒலியைத்தான் எல்லோரும் சொல்கிறோம். காந்தி, கோபால் போன்ற பெயர்களும் இப்படித்தான். ‘குரோம்பேட்டை’ கதை வேறு. அங்கே இருந்த குரோம் லெதர் கம்பெனியால் வந்த பெயர் அது. ஆங்கிலத்தில் ‘சி, எச், ஆர்’ என்று தொடங்கும். தமிழில் சொல்லின் முதலில் இரண்டு மெய் சேர்ந்து வராது. அதனால் நடுவில் ஓர் உகரம் போட்டு ‘குரோம்’ ஆக்கிக்கொண்டோம்.

ஒரே எழுத்து ஏன்?

‘அப்படியானால் தமிழில் எழுத்து போதவில்லையா?’ என்று கேட்கலாம். நானும் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் காரணம் வேறு.

ஆங்கிலத்தில் பேனாவின் பி போட்டு ‘பின்’ என்றால் குண்டூசி. பஸ்ஸின் பி போட்டு ‘பின்’ என்றால் குப்பைத்தொட்டி. ஒலி மாறினால் பொருளே மாறுகிறது. அதனால் அவர்களுக்கு இரண்டு எழுத்து வேண்டும். தமிழ்ச் சொல் ‘அம்பு’வை யாராவது வன்மையாகச் சொன்னால் கேட்க ஒரு மாதிரி இருக்கும், அவ்வளவுதான். வேறு பொருள் வராது. அதனால் நமக்கு ஒரே எழுத்து போதும்.

இப்போது திருப்பிப் பாருங்கள். வால், வாள், வாழ். முதலாவது குரங்குக்கு இருப்பது. இரண்டாவது ராஜாவிடம் இருப்பது. மூன்றாவது எல்லோரும் செய்ய வேண்டியது. நமக்கு மூன்று ஒலி, மூன்று பொருள், மூன்று எழுத்து. ஆங்கிலத்தில் இதற்கெல்லாம் ‘எல்’ என்ற ஒரே எழுத்துதான். பழவந்தாங்கல் என்ற பெயரை ‘எல்’ போட்டும் எழுதுகிறார்கள், ‘இசட், எச்’ போட்டும் எழுதுகிறார்கள். நம் மாநிலத்தின் பெயரிலேயே ‘ழ்’ இருக்கிறது, ஆங்கிலத்தில் அதுவும் ‘எல்’தான்.

இதில் எனக்குப் பிடித்த செய்தி ஒன்று. தொல்காப்பியத்தில் பிறப்பியல் என்று ஒரு பகுதி. எந்த எழுத்து வாயில் எங்கே பிறக்கிறது என்று சொல்வது. அதில் ‘ழ’வை ‘ல, ள’வோடு சேர்க்கவில்லை. ‘ர’வோடு சேர்த்திருக்கிறார் தொல்காப்பியர். நாக்கு நுனி மேலே எழும்பி அண்ணத்தைத் தடவும்போது இவை இரண்டும் பிறக்கின்றன என்கிறார். 1886-இல் பாரிஸில் மொழி ஆசிரியர்கள் சேர்ந்து ஒரு சங்கம் தொடங்கினார்கள். உலக மொழிகளின் ஒலி ஒவ்வொன்றுக்கும் ஒரு தனிக் குறி என்பது அவர்களின் திட்டம். அந்த முறையில் நம் ‘ழ’வுக்கு என்ன குறி தெரியுமா? ஆங்கிலச் சின்ன ‘ஆர்’ எழுத்தைத் தலைகீழாகத் திருப்பி, ஒரு வால் போட்டது. எல் அல்ல, ஆர்! பிறப்பியல் சொன்னதும் இதுவும் ஒரே பக்கம்தான் நிற்கின்றன.

எழுத்துப்படியா, ஒலிப்படியா?

தமிழ்ச் சொல்லை ஆங்கில எழுத்தில் எழுத இரண்டு வழி இருக்கிறது. ஒன்று, எழுத்துக்கு எழுத்து மாற்றுவது. இன்னொன்று, ஒலிப்பு முறைப்படி எழுதுவது.

சென்னைப் பல்கலைக்கழகம் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாகத் தமிழ்ப் பேரகராதியை வெளியிட்டது. அது முதல் வழியில் போகும். ‘ப’ எங்கே வந்தாலும் பேனாவின் பிதான். ‘தங்கம்’ என்பதற்கும் ‘கே’தான் வரும். அதைப் பார்த்து மறுபடி தமிழில் எழுதினால் ஒரு எழுத்துகூடத் தவறாது. ஆனால் தமிழ் தெரியாதவர் படித்தால் ஒலி தவறும். ரயில்வே பலகை இரண்டாவது வழியில் போகிறது. அதைப் பார்த்து ஓரளவு சரியாகச் சொல்லலாம். ஆனால் ‘ல’வா ‘ள’வா என்று தெரியாது.

2020-இல் தமிழ்நாடு அரசு 1,018 ஊர்ப் பெயர்களைத் தமிழ் உச்சரிப்புக்கு ஏற்ப ஆங்கிலத்தில் மாற்றி எழுத அரசாணை போட்டது. அந்தப் பட்டியல் ஜூன் மாதம் வெளியே வந்ததும் பெரிய விவாதம் ஆகிவிட்டது. வேலூருக்கு ‘வி’க்குப் பிறகு இரண்டு ‘இ’ போட்டிருந்தார்கள். ஆங்கிலம் படித்தவர் அதை ‘வீலூர்’ என்றுதான் படிப்பார். கோயம்புத்தூரில் ‘ம்’முக்குப் பிறகு பேனாவின் பி வந்தது. தாம்பரத்தில் பார்த்த அதே விதிப்படி அங்கே பஸ்ஸின் பி அல்லவா வர வேண்டும்? உச்சரிப்புப்படி என்று சொல்லிவிட்டு அந்த இடத்தில் எழுத்துப்படி எழுதியிருக்கிறார்கள். அதே ஜூன் மாதம் அந்த ஆணை திரும்பப் பெறப்பட்டது.

நோக்கம் நல்லதுதான். நம் ஊரை நாம் சொல்கிற மாதிரி மற்றவர்களும் சொல்ல வேண்டும் என்ற ஆசை யாருக்குத்தான் இல்லை? ஆனால் ‘ஒலிப்பு முறைப்படி’ என்று சொல்லும்போது, யாருடைய காதுக்கு, யாருடைய எழுத்தில் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். இல்லாவிட்டால் குழப்பம்தான் மிஞ்சும்.

நமக்கு இதனால் என்ன?

ரொம்பவே இருக்கிறது. அடுத்த வருஷம் நாங்கள் பத்தாம் வகுப்பு. பொதுத்தேர்வுக்குப் பெயரை ஆங்கிலத்திலும் எழுதித் தர வேண்டும். எங்கள் தெருவில் ஒரு அக்கா இருக்காங்க. அவங்க பெயரில் ‘ழி’ வரும். ஒரு சான்றிதழில் ‘எல்’, இன்னொன்றில் ‘இசட், எச்’. இரண்டும் ஒரே ஆள்தான் என்று நிரூபிக்க அலைந்து அலைந்து ஓய்ந்துட்டாங்க. இரண்டு ஸ்பெல்லிங்குமே தப்பு இல்லை. ஒன்றாக இல்லை என்பதுதான் பிரச்சினை.

‘த’ வருகிற பெயர்களிலும் கவனம் வேண்டும். தாம்பரத்தில் வரும் ‘த’வுக்கு ‘டி’ மட்டும். அடுத்த ஸ்டேஷன் பெருங்களத்தூரில் ‘த்தூ’வுக்கு ‘டி, எச்’. பக்கத்துப் பக்கத்து ஊருக்கே இப்படி! கீதா, தீபா, பானு, தனம் போன்ற பெயர்களைத் தமிழில் பார்த்து மட்டும் மாற்றினால் வேறு மாதிரி ஆகிவிடும். அதனால் பிறப்புச் சான்றிதழ், ஆதார் அட்டை, பள்ளிப் பதிவு மூன்றையும் வீட்டில் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஒவ்வொரு எழுத்தாக ஒத்துப் பாருங்கள். வித்தியாசம் இருந்தால் இப்போதே வகுப்பாசிரியரிடம் சொல்லிவிடுங்கள். சான்றிதழ் அச்சான பிறகு திருத்துவது கஷ்டம்.

இன்னொரு விஷயம். நம் பள்ளியில் பீகார், ஒடிசாவிலிருந்து வந்த குடும்பங்களின் பிள்ளைகளும் நம்மோடு படிக்கிறார்கள். அப்பா அம்மா இங்கே கட்டட வேலைக்கு வந்தவர்கள். புதிதாகத் தமிழ் படிப்பவர் ‘பழம்’ என்பதைப் ‘பளம்’ என்று சொன்னால் சிலர் சிரிக்கிறார்கள். (நம் ஊர்க்காரர் எத்தனை பேர் ‘பழம்’ என்று சரியாகச் சொல்கிறோம் என்பது தனிக் கதை!) இந்தியில் ‘ழ’ இல்லை. அவர்கள் காது அதைத் தனியாகப் பிரித்துக் கேட்டுப் பழகவில்லை. அவர்கள் மொழியில் ‘ப’ வரிசையில் நான்கு விதமான வல்லொலி உண்டு. அந்த நான்கையும் நம்மைச் சொல்லச் சொன்னால் நாமும் திணறுவோம். நான் ஒரு தோழியிடம் கேட்டுப் பார்த்தேன். அவள் நான்கும் சொன்னாள். எனக்கு இரண்டுதான் காதில் கேட்டது. இப்போது இடைவேளையில் அவள் எனக்கு அந்த நான்கைச் சொல்லித் தருகிறாள். நான் அவளுக்கு ‘ழ’ சொல்லித் தருகிறேன். வாழைப்பழம் அவளுக்கு முக்கால்வாசி வந்துவிட்டது. எனக்கு மூன்றாவது ஒலி மட்டும் வந்திருக்கிறது.

செய்து பாருங்கள்

1. தொண்டையில் விரல் வைத்து ‘பத்து – பந்து’, ‘பட்டம் – பண்டம்’ என்று சொல்லிப் பாருங்கள். எதில் அதிர்வு நிற்கிறது?

2. அடுத்த முறை ரயிலில் போகும்போது ஒவ்வொரு ஸ்டேஷன் பலகையிலும் ‘க, ட, த, ப’ வரும் இடத்தில் ஆங்கிலத்தில் என்ன எழுத்து இருக்கிறது என்று குறித்து வாருங்கள்.

3. உங்கள் பெயரை ஆங்கிலத்தில் எழுதி, தமிழ் தெரியாத ஒருவரிடம் படிக்கச் சொல்லுங்கள். அவர் சொன்னதைத் தமிழில் எழுதிக்கொண்டு வாருங்கள். எல்லாவற்றையும் சேர்த்து அடுத்த இதழில் ஒட்டலாம்.



– ஒன்பதாம் வகுப்பு மாணவி