ஓட்டுக் கேட்டு வராத மன்றம்

2022 நவம்பர் 19 அன்று ஈப்போ, புந்தோங்கில் வாக்களிக்கப் போனவரின் கையில் இரண்டு சீட்டுகளைக் கொடுத்தார்கள். ஒன்று நாடாளுமன்றத்துக்கு, மற்றொன்று பேராக் சட்டமன்றத்துக்கு. மூன்றாவதாக ஒரு சீட்டு இருந்திருக்க வேண்டும். வீட்டுக்கு முன்னால் ஓடும் கால்வாயைத் தூர் வாருவது, எரியாத தெருவிளக்கை மாற்றுவது, அங்காடிக் கடைக்கு லைசென்ஸ் கொடுப்பது, சந்தையையும் பூங்காவையும் பராமரிப்பது, பக்கத்து மனையில் என்ன கட்டலாம் என்று முடிவு செய்வது எல்லாம் ஊராட்சி மன்றத்தின் வேலை. அந்த மன்றத்தில் யார் உட்கார வேண்டும் என்று மட்டும் நம்மிடம் யாரும் கேட்பதில்லை. 1976-ஆம் ஆண்டு ஊராட்சி மன்றச் சட்டத்தின்படி, குறைந்தது 8 பேரையும் அதிகம் போனால் 24 பேரையும் மாநில அரசே உறுப்பினர்களாக நியமிக்கிறது. ஒரு நியமனம் மூன்று ஆண்டுக்கு மேல் போகக் கூடாது. 7 லட்சத்துக்கு மேல் மக்கள் வாழும் ஈப்போ மாநகருக்கும் அதே 24 பேர்தான். அவர்களில் ஒருவர்கூட வாசலில் வந்து ஓட்டுக் கேட்டவர் அல்லர்.

இதை ஜனநாயகப் பாடப் புத்தகத்தில் விட்டுப்போன ஒரு பக்கம் என்று கருதிக் கடந்துபோகலாம். தோட்டத்தை விட்டு நகருக்கு வந்த தமிழர்களுக்கு அது அவ்வளவு லேசான விஷயம் இல்லை. தோட்டத்தில் குழாய்த் தண்ணீரும் லயன் வீட்டுக் கூரையும் ஆயாக் கொட்டகையும் தோட்டத்தை நிர்வகித்த துரையின் கையில் இருந்தன. விடியுமுன் பெரட்டு எனும் ஆள்கணக்குக்கு நின்று செக்ரோல் பதிவேட்டில் பேர் பதிந்தவருக்கு, அந்தத் துரையை மாற்றும் உரிமை கிடையாது. நகருக்கு வந்த பிறகு துரையின் இடத்தில் மன்றம் இருக்கிறது. ஆனால் குடியிருப்பவருக்கும் அவருடைய அன்றாடத்தை நிர்வகிப்பவருக்கும் இடையிலான உறவு, இந்த ஒரு விஷயத்தில், பழையபடியேதான் இருக்கிறது. மலேசியத் தமிழர்கள் சிறிய எண்ணிக்கையில், சிதறி வாழும் சமூகம். அவர்களுடைய ஓட்டுக்கு உண்மையான கனம் கிடைக்கக்கூடிய அளவு ஒரு வட்டாரத்தின் அளவுதான். அந்த அளவில்தான் நமக்குத் தேர்தலே இல்லை.

எப்போதும் இப்படி இருந்ததில்லை. நாடு சுதந்திரம் பெறுவதற்கு ஆறு ஆண்டுகள் முன்பே, 1951 டிசம்பரில், ஜார்ஜ் டவுன் மக்கள் தங்கள் நகர மன்றத்துக்கு ஓட்டுப் போட்டார்கள். மலாயாக் கூட்டரசின் முதல் தேர்தல் அதுதான். கோலாலம்பூரில் 1952-இல் நடந்தது. அப்போது கம்யூனிஸ்டுகளின் ஆயுதக் கிளர்ச்சியால் அவசரகாலம். கம்யூனிஸ்டுகளுக்கு ஆதரவு போகாமல் தடுக்க, பிரிக்ஸ் திட்டத்தின் கீழ், காட்டோரங்களில் குடியிருந்த சீனர்களைப் புதுக்கிராமங்களுக்கு மாற்றினார்கள். அந்தக் கிராமங்கள் பேராக்கில்தான் மிக அதிகம். முள்வேலிக்குள் அடைக்கப்பட்டவர்களின் மனத்தை வெல்லவும் வேண்டியிருந்தது. அதற்காக 1952-இல் வந்த சட்டம், புதுக்கிராமங்களில் மக்கள் தேர்ந்தெடுக்கும் மன்றங்களுக்கு வழி திறந்தது. தோட்டத் தொழிலாளர்களையும் அதே திட்டம் விடவில்லை. சிதறிக் கிடந்த லயன்களைத் தோட்டத்துக்குள்ளேயே ஒரே இடத்தில் கூட்டி வேலி போட்டார்கள். ஆனால் தோட்டம் தனியார் நிலம். அங்கே மன்றமும் இல்லை, தேர்தலும் இல்லை. ஒரே வேலி இரண்டு சமூகங்களைச் சுற்றி வந்தது. ஒன்றுக்கு வேலியோடு ஓட்டுப் பெட்டியும் வந்தது, மற்றொன்றுக்கு வேலி மட்டும்தான்.

அந்த ஓட்டுப் பெட்டி என்ன செய்யும் என்பதற்கு ஈப்போவே நல்ல சாட்சி. 1953-இல் பேராக் முற்போக்குக் கட்சி என்ற பெயரில் தொடங்கி, பிறகு மக்கள் முற்போக்குக் கட்சியாக மாறிய அமைப்பை டி.ஆர். சீனிவாசகமும் அவருடைய அண்ணன் எஸ்.பி. சீனிவாசகமும் வளர்த்தார்கள். இருவரும் இலங்கைத் தமிழ்ப் பின்னணி கொண்ட வழக்கறிஞர்கள். ஈப்போ நகர மன்றம் அவர்களுடைய கட்சியின் கோட்டையானது. சீனர்கள் பெரும்பான்மையாக இருந்த ஊர் அது. கால்வாய், சந்தை, லைசென்ஸ் என்று அன்றாடம் உதவிக்கு நின்றதற்கும், சீனப் பள்ளிகளுக்கும் மொழிக்கும் குரல் கொடுத்ததற்கும் அந்த ஊர் அவர்களுக்கு ஓட்டுப் போட்டது. அதே காலத்தில் ஜார்ஜ் டவுனில் டி.எஸ். ராமநாதன் என்ற தமிழர் மேயர் நாற்காலியில் அமர்ந்தார். ஈப்போவில் இன்றும் ஒரு பூங்கா டி.ஆர். சீனிவாசகத்தின் பெயரைத் தாங்கி நிற்கிறது. மாலையில் அங்கே பிள்ளைகளை விளையாட விடும் பெற்றோரில் எத்தனை பேருக்கு அந்தப் பெயருக்குப் பின்னால் ஓட்டுப் போட்ட ஒரு நகரம் இருந்தது என்று தெரியும்?

பிறகு கதவு சாத்தப்பட்டது. இந்தோனேசியாவுடன் மோதல் நடந்துகொண்டிருந்ததைக் காரணம் காட்டி, 1965 மார்ச் 1 அன்று பிரதமர் துங்கு அப்துல் ரஹ்மான் ஊராட்சித் தேர்தல்களை நிறுத்திவைத்தார். அமைதி திரும்பியதும் தேர்தலும் திரும்பும் என்று உறுதி சொன்னார். 1966-இல் மோதல் முடிந்தது, தேர்தல் திரும்பவில்லை. மன்றங்களின் செயல்பாட்டை ஆராய ஓர் அரச விசாரணை ஆணையம் அமைக்கப்பட்டது. அதற்குத் தலைமை தாங்கியவர் மலேசிய இந்தியக் காங்கிரஸைச் (ம.இ.கா.) சேர்ந்த செனட்டர் ஆதி நாகப்பன். குறைகளைத் தேடச் சொல்லி அனுப்பப்பட்ட அந்த ஆணையமே, தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றங்கள்தான் வேண்டும் என்று பரிந்துரைத்தது. அரசாங்கம் அதை ஏற்கவில்லை. 1976 சட்டம் தேர்தலுக்கு வழிசெய்த விதிகளையே செல்லாதவையாக்கியது. அதே காலத்தில்தான் மன்றங்களின் எல்லைகள் விரிந்தன. தோட்டங்களை ஒட்டிய பல பகுதிகள் அப்போதுதான் மன்றங்களின் கைக்குள் வந்தன. எல்லை நம்மைத் தேடி வந்த நேரத்தில் ஓட்டு கிளம்பிப் போயிருந்தது.

தோட்டத் துண்டாடல், பால்மரத்தை வெட்டிச் செம்பனை நட்டது, பிறகு வீடமைப்புக்கும் தொழிற்பேட்டைக்கும் நிலம் போனது என ஒன்றன்பின் ஒன்றாக வந்த மாற்றங்கள் ஈப்போவைச் சுற்றிய கிந்தா பள்ளத்தாக்கின் தோட்ட மக்களை நகர ஓரங்களுக்குத் தள்ளின. புறம்போக்கு நிலத்திலும், பிறகு மலிவு விலை அடுக்குமாடிகளிலும் குடியேறியவர்களின் பிரச்சினைகள் சின்னவை, ஆனால் தினசரி வருபவை: அடைத்த கால்வாய், பழுதான லிஃப்ட், வாரப்படாத குப்பை, லைசென்ஸ் கிடைக்காத பலகாரக் கடை, பட்டா இல்லாத கோயில். இவற்றில் பாதிக்கு மேல் மன்றத்தின் வேலை. நாடாளுமன்றத் தொகுதியில் ஆயிரம் குடும்பங்கள் என்பது ஓரத்தில் எழுதும் எண். ஈப்போவை 24 வட்டாரங்களாகப் பிரித்தால் ஒவ்வொன்றிலும் சுமார் 30,000 பேர் இருப்பார்கள். அங்கே அதே ஆயிரம் குடும்பங்கள் ஒரு வேட்பாளரை ஜெயிக்க வைக்கலாம், தோற்கவும் வைக்கலாம். தோற்கடிக்க முடிந்த ஆளிடம் சொன்ன புகார்தான் சீக்கிரம் தீரும். நல்ல நியமன உறுப்பினர்கள் இல்லாமல் இல்லை. ஆனால் அவர்களின் பதவி நீடிப்பதைத் தீர்மானிப்பது மாநில அரசும் கட்சியும்தான். கால்வாய்க்குப் பக்கத்தில் குடியிருப்பவர் அல்லர்.

எதிர்வாதங்களில் பலமாக ஒலிப்பது இனக் கலவர அச்சம். ஊராட்சித் தேர்தல் வந்தால் 1969 மே 13 மறுபடி வரலாம் என்று 2015-இல் பாஸ் கட்சித் தலைவர் ஹாடி அவாங் எச்சரித்தார். 2018-இல் வீடமைப்பு, ஊராட்சி அமைச்சர் சுரைடா கமாருடின் மூன்று ஆண்டுகளுக்குள் தேர்தல் என்று அறிவித்தபோது, பிரதமர் மகாதீர் அதே அச்சத்தைச் சொல்லி மறுத்தார். நகரம் சீனர் கையிலும் கிராமம் மலாய்க்காரர் கையிலும் போய்விடும் என்பது இந்த வாதத்தின் சாரம். காலண்டரைப் பார்த்தாலே இது தளர்ந்துவிடும். மே 13 நடந்தபோது ஊராட்சித் தேர்தல் நின்று நான்கு ஆண்டுகள் ஆகியிருந்தன. கலவரம் வந்தது ஒரு பொதுத் தேர்தலுக்குப் பிறகு. அதைக் காட்டி இன்று பொதுத் தேர்தலை யாரும் ரத்து செய்யச் சொல்வதில்லை. இன்றைய மன்ற எல்லைகளும் 1960களின் குறுகிய நகர எல்லைகள் அல்ல. மலாய்க் கம்போங்குகளும் புதுக்கிராமங்களும் பழைய தோட்ட நிலங்களும் ஈப்போ மாநகருக்குள்ளேயே இருக்கின்றன.

இரண்டாவது வாதம் செலவும் ஊழலும். அன்றைய மன்றங்கள் சிலவற்றின் மீது முறைகேட்டுக் குற்றச்சாட்டுகள் எழுந்தது உண்மை. ஆனால் அவற்றையெல்லாம் அலசிய ஆணையமே தேர்தல் வேண்டும் என்றுதான் முடிவு செய்தது. தவறு செய்பவரை விலக்க ஒரு வழி வேண்டும் என்றால், வாக்காளர் கையில் இருப்பதைவிட எளிய வழி இல்லை. செலவைப் பொறுத்தவரை, பொதுத் தேர்தல் நாளிலேயே மூன்றாவது சீட்டையும் கொடுத்தால் பெருமளவு மிச்சமாகும்.

மூன்றாவது வாதம் நம் பக்கத்திலிருந்தே வருவது. அதற்குத்தான் நாம் கவனமாகப் பதில் சொல்ல வேண்டும். நியமனத்தில் கட்சிப் பங்கீடு என்ற பெயரிலாவது இந்தியருக்குச் சில இடங்கள் உறுதி. தேர்தல் வந்தால் அதுவும் போய்விடாதா என்கிறார்கள். ஈப்போவில் இந்தியர் ஏறத்தாழ ஏழில் ஒருவர்தான். நகரம் முழுவதையும் ஒரே தொகுதியாக வைத்தால் இந்தப் பயம் நிஜமாகும். வட்டார வாரியாகப் பிரித்தால் கணக்கு வேறு. பேராக்கில் இந்திய வாக்காளர்கள் செறிந்துள்ள புந்தோங் போன்ற இடங்களில் அவர்களே முடிவைத் தீர்மானிக்கலாம். கலந்து வாழும் இடங்களில் சீனிவாசகம் சகோதரர்கள் காட்டிய வழி இருக்கிறது. அதிலும் நம்பிக்கை இல்லாதவர்கள் தமிழ்நாட்டைப் பார்க்கலாம். அங்கே 1990களிலிருந்து உள்ளாட்சியில் தலித்துகளுக்கும் பெண்களுக்கும் இடங்கள் ஒதுக்கப்பட்டு, ஒதுக்கிய இடங்களுக்கும் தேர்தலே நடக்கிறது. 200 வார்டு கொண்ட சென்னை மாநகராட்சிக்கு 2022-இல் மேயரான ஆர். பிரியா, அந்தப் பதவிக்கு வந்த முதல் தலித் பெண். சிறுபான்மைக்குப் பாதுகாப்பும் வாக்காளருக்குப் பதில் சொல்லும் கடமையும் ஒன்றையொன்று வெட்டுபவை அல்ல. தவிர, பங்கீட்டில் கிடைக்கும் இடம் யாருடைய இடம்? தந்த கட்சி ஆட்சியை இழந்தால் அதுவும் போய்விடுகிறது.

சட்ட வழி கரடுமுரடானதுதான். பினாங்கு மாநிலம் 2012-இல் தனியாக ஊராட்சித் தேர்தல் சட்டம் இயற்றியது; 2014-இல் கூட்டரசு நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது. ஆகவே 1976 சட்டத்தை நாடாளுமன்றம் திருத்தினால்தான் முழுமையான தேர்தல் வரும். அதுவரை கை கட்டி நிற்க வேண்டியதில்லை. நியமிக்கும் அதிகாரம் மாநில அரசிடம் இருக்கிறது. குடியிருப்பாளர்கள் வாக்களித்துப் பரிந்துரைத்தவரையே நியமிக்கவும் அது முன்வரலாம். 2011-இல் சிலாங்கூர் அரசு சிகிஞ்சான் உள்ளிட்ட மூன்று கிராமங்களில் கிராமத் தலைவர்களைத் தேர்தல் மூலம் தேர்ந்தெடுக்க விட்டது. இன்னொரு கதவு 1976 சட்டத்திலேயே இருக்கிறது. மன்றம் தடுத்துத் தீர்மானம் போட்டாலொழிய, அதன் முழுக் கூட்டத்தில் பொதுமக்களும் பத்திரிகையாளரும் உட்காரலாம் என்கிறது 23-ஆம் பிரிவு. குழுக் கூட்டங்களுக்கு இந்த உரிமை இல்லை. ஒரு அடுக்குமாடியிலிருந்து பத்துப் பேர் மாதந்தோறும் அந்த நாற்காலிகளில் போய் உட்கார்ந்து, தங்கள் பகுதி உறுப்பினர் என்ன பேசினார் என்று எழுதி வந்து மின்தூக்கிக்குப் பக்கத்தில் ஒட்டட்டும். அது ஓட்டு ஆகாது. ஆனால் மூன்றாவது சீட்டு வரும் நாளில், அதில் யார் பெயருக்கு நேராகக் குறியிடுவது என்று அவர்களுக்குத் தெரிந்திருக்கும்.