பொன்னிரதத்தில் ஏறியவர் பட்ட பாடு

பொன்னிரதத்திற் பவனி வருவது பெரும் பாக்கியம் என்று கதைகளிற் படித்து வளர்ந்தவர்கள் நாம். ஆனால், இங்கிலாந்து அரச குடும்பத்தின் பொன்னிரதத்தில் ஏறி இறங்கியவர்களோ வேறு கதை சொல்லியிருக்கின்றனர்.

மூன்றாம் ஜோர்ஜ் மன்னர் 1760ஆம் ஆண்டு அரியணை ஏறிய காலத்தில் இவ்விரதத்தைச் செய்யப் பணித்தனர். அடுத்த ஆண்டு நிகழ்ந்த முடிசூட்டு விழாவுக்குள் வேலை முடிந்தபாடில்லை. 1762 நவம்பர் 25ந் திகதி பாராளுமன்றத்தைத் திறந்து வைக்கச் சென்றபோதே மன்னர் முதன்முதலாக அதில் அமர்ந்தார். வில்லியம் சேம்பர்ஸ் என்ற கட்டடக்கலைஞர் வடிவம் வகுத்தார். ஜோசப் வில்ற்றன் சிற்பங்களைச் செதுக்கினார். இத்தாலியராகிய சிப்பிரியானி பலகைகளிற் சித்திரம் தீட்டினார். மொத்தச் செலவு 7,562 பவுண். இதில் சிற்பிக்குச் சென்றது 2,500 பவுண். வண்டி செய்தவருக்கோ ஆயிரத்து அறுநூற்றுச் சொச்சந்தான். ஓடும் வண்டியைவிட அதன்மீது ஏறிய அலங்காரமே விலைமிக்கதாயிற்று என்பதை இந்தக் கணக்கே காட்டிவிடுகின்றது.

ஏழாண்டுப் போரிலே பிரித்தானியக் கடற்படை வெற்றிமேல் வெற்றி கண்ட காலம் அது. ஆகவே, இரதத்தின் நான்கு மூலைகளிலும் கடற்றெய்வங்களை அமர்த்தினர். முன்னிருவர் சங்கூதிக் கடலரசர் வருகையை அறிவிக்கின்றனர். பின்னிருவர் திரிசூலம் பொருந்திய தண்டுகளைத் தாங்கி நிற்கின்றனர். உச்சியில் மூன்று குழந்தை உருவங்கள் இங்கிலாந்து, ஸ்கொட்லாந்து, அயர்லாந்து என்னும் மூன்று நாடுகளின் சார்பில் முடியைச் சுமக்கின்றன. அத்தனையும் மரமே, மேலே பொன் முலாம்.

இவ்வளவு பாரத்தையும் சுமக்கும் வண்டியின் உடல் வெறும் தோல்வார்களிலே தொங்குகின்றது. சக்கரம் சுழலத் தொடங்கியதும் அது தொட்டில்போல் முன்னும் பின்னும், இடமும் வலமும் ஆடும். கடற்படையிற் பணிபுரிந்தவரான நான்காம் வில்லியம் மன்னரே, கொந்தளிக்கும் கடலிற் கப்பலேறியது போன்றிருந்தது என்றாராம். கடலைக் கண்டவரே அப்படிச் சொன்னால் மற்றவர் பாடு என்ன! விக்டோரியா மகாராணியார் அவ்வாட்டத்தைக் குறித்து நொந்துகொண்டார். ஆறாம் ஜோர்ஜ் மன்னரோ, தம் வாழ்நாளிற் செய்த மிகத் துன்பமான பயணங்களுள் அதுவும் ஒன்றென்றார். இரண்டாம் உலக யுத்தத்தின் பின்னர் சக்கரங்களுக்கு றப்பர் பூட்டியும் பயன் பெரிதாக இல்லை. 1953 ஜூன் 2ந் திகதி, அந்நாளில் இலங்கைக்கும் அரசியாயிருந்த இரண்டாம் எலிசபெத், மழையும் குளிருமான வேளையில் இதிலே சென்று முடிசூடினார். அந்தப் பயணம் மிகக் கொடுமையானது என்று 2018இல், தமது தொண்ணூற்றிரண்டாம் வயதளவில், தொலைக்காட்சியில் ஒளிவுமறைவின்றிச் சொன்னார்.

நான்கு தொன் எடையுள்ள இரதத்தை எட்டுக் குதிரைகள் நடைவேகத்திலேதான் இழுக்கும். நம் கோவிற்றேருக்கு முட்டுக்கட்டை போடுவார் உண்டல்லவா? அதுபோல இதற்கும் தடையைக் கவனிக்க ஒருவர் பின்னே நடந்து வருவார்.

உள்ளே இருந்தவர் பாடு இதுவாக, வெளியே நின்றவர் நிலையையும் சொல்லாது விடலாகாது. 1795இல் பிரான்சுடன் போர் நடந்தது, விளைச்சல் பொய்த்தது, பாண் விலை ஏழைகளுக்கு எட்டாததாயிற்று. அவ்வாண்டு ஒக்டோபர் 29ந் திகதி மன்னர் ஜோர்ஜ் பாராளுமன்றம் சென்றபோது, வீதியிற் கூடிய பெருங்கூட்டம் பாண் வேண்டும், போர் வேண்டாம் என்று கூவிற்று. பொன்னிழைத்த வண்டியைப் பசித்த வயிற்றோடு பார்த்தவர்களுக்கு வேறென்ன தோன்றும்? ஏதோவொன்று கண்ணாடியைத் துளைத்தது. தம்மைச் சுட்டுவிட்டனர் என்றே மன்னர் எண்ணினார். அவருக்குக் காயமில்லை. மன்னர் இறங்கிய பின்னர் வெறும் இரதத்தையும் கூட்டம் கல்லெறிந்து தாக்கியது. அரசாங்கம் இதற்குக் கண்ட மருந்து சட்டமே. ஐம்பது பேருக்கு மேல் அரசியற் கூட்டம் கூடுவதாயின் நீதவானுக்கு முன்னறிவித்தல் கொடுக்கவேண்டும் என்று ஆண்டு முடிவதற்குள் விதித்துவிட்டனர். பாண் விலைக்கு அச்சட்டத்தில் இடமில்லை.

பிற்காலத்தில் ஏழாம் எட்வேட் மன்னர், மக்கள் தம்மை நன்கு காணட்டும் என்று முன்னிருந்த சாரதியின் ஆசனத்தையே அகற்றுவித்தார். அன்றுமுதல் குதிரைமேல் அமர்ந்தவர்களே வண்டியை நடத்துகின்றனர்.

2023 மே 6ந் திகதி முடிசூடிய மூன்றாம் சாள்ஸ் மன்னர் தேவாலயத்துக்குச் சென்றது அவுஸ்திரேலியாவிற் செய்த புதிய வண்டியில். அதிலே மின்சாரத்தால் இயங்கும் யன்னல்களும் உண்டு. திரும்பும்போது மாத்திரம் பொன்னிரதத்தில் ஏறினார். அதற்கு முந்திய ஆண்டு, அவருடைய தாயார் அரியணை ஏறி எழுபது ஆண்டு நிறைந்த விழாவில், இரதம் ஆளின்றியே இலண்டன் வீதியில் உலா வந்தது. அதன் யன்னல்களில் 1953இல் எடுத்த படம் ஓடிக்கொண்டிருந்தது. இளம் அரசியார் உள்ளிருந்து கையசைக்க, வீதியோரத்து மக்களும் பதிலுக்குக் கையசைத்தார்கள்.